கசடு கேசட்டின் ஒன்பதாவது பாட்டு

எங்கள் பட்டறைக் காலனியில் பிறக்கிற பிள்ளைகள் முதல் அழுகையைச் சொந்தக் குரலில் அழுவதில்லை என்கிற சங்கதியைப் பெண் பார்க்க வந்தபோதும் சொல்லவில்லை, பரிசம் போட்டபோதும் சொல்லவில்லை, புதுக்கோட்டைப் பக்கமிருந்து என்னைக் கட்டிக்கொண்டு வந்து, திருச்சிக்குக் கிழக்கே தஞ்சாவூர் ரோட்டைவிட்டு உள்ளே இறங்கி, இரும்புத் தூசி படிந்த வேப்பமரங்களுக்கு நடுவே இருக்கிற இந்த வீட்டில் விளக்கேற்ற வைத்து நாலு மாசம் ஆனபிறகு, எனக்கு நாள் தள்ளிப் போயிருக்கிறது என்று தெரிந்த அன்றைக்குத்தான், என் மாமியார் செண்பகம் அத்தை புளி கரைத்துக்கொண்டே, "உன் புருசன் மூணாம் பாட்டு, தெரியுமில்ல?" என்றார்.

என் குரல் எப்போதும் எனக்கே எட்டாது. "என்ன பாட்டுங்கத்தை?" என்று நான் கேட்டது புளித்தண்ணிக்குள் விழுந்திருக்கும், ஆனாலும் அத்தைக்குச் சொல்ல ஆசை இருந்ததால் சொன்னார்.

"பொறந்தப்ப மூணாம் பாட்டு அழுதான். ரெண்டாம் பாட்டா இருந்தா தேவலைன்னு வேண்டிக்கிட்டிருந்தேன். அது சின்னப் பாட்டு, சட்டுனு முடிஞ்சா பாலைக் குடுத்துட்டு நாமளும் கண்ணசரலாம். இவன் அஞ்சரை நிமிசம் இழுத்துட்டான். இப்பவும் பாரு, எதுக்குக் கூப்பிட்டாலும் அஞ்சரை நிமிசம் கழிச்சுத்தான் வருவான்."

அந்தப் பாட்டுகள் வந்தது முப்பது வருஷத்துக்கு முந்தின கதை. காலனிக்கு எதிரே இருந்த பட்டறையில் கொதிகலன்களும் பெரிய பெரிய இரும்புத் தொட்டிகளும் செய்வார்கள்; காலையில் சங்கு ஊதினால் சாயங்காலச் சங்கு ஊதும்வரை தகட்டை வெட்டுகிற சத்தம், தேய்க்கிற சத்தம், சுத்தியல் அடிக்கிற சத்தம், அதற்குள்ளேயே பிள்ளைகள் தூங்கும், கோழி முட்டையிடும், புருஷன் பெண்டாட்டி சண்டைகூடக் கைஜாடையில்தான் நடக்கும். அந்தப் பட்டறையில் வெல்டராக இருந்த ஏகாம்பரமும், அவர் தொட்டிக்குள் இறங்கும்போது வெளியாளாகக் காவல் நின்ற சவரிநாதனும், தகடு வெட்டுகிற அண்ணன் தம்பி இரண்டு பேரும் பொன்மலையில் ஒரு ரயில்வேக்காரர் வீட்டில் ஒரு வெளிநாட்டுக் கேசட்டைக் கேட்டார்கள். த்ராஷ் மெட்டல் என்று அந்த மாதிரிப் பாட்டுக்குப் பேராம். வேகம், வேகத்துக்கு மேல் வேகம், கிட்டார் கிரைண்டரைப்போலத் தேய்க்கும், டிரம் மூச்சுவிட இடம் கொடுக்காது, பாடுகிறவன் தொண்டையைக் கிழித்துக்கொண்டு கத்துவான். அந்தத் தெருவே காதைப் பொத்திக்கொண்டு கதவைச் சாத்தியதாம். இவர்கள் நாலு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்களாம். "டேய், இது நம்ம பட்டறைடா" என்றாராம் ஏகாம்பரம்.

அதற்குப் பிறகு ஒரு வருஷம் பாட்டுக் கட்டினார்கள். சங்கு ஊதுவதைப் பற்றி ஒன்று, கிரைண்டர் கல் உடைந்து தெறிப்பதைப் பற்றி ஒன்று, 'கண்ணுக்குப் பால்' என்று ஒன்று. வெல்டிங் வெளிச்சம் கண்ணில் அடித்துவிட்டால் கண்ணுக்குள் மணல் அள்ளிப்போட்டதுபோல உறுத்தும், அப்போது பிள்ளை பெற்றிருக்கிற வீட்டு வாசலில் வந்து நிற்பார்கள், அந்த வீட்டுப் பெண் ஒரு கிண்ணத்தில் கொஞ்சம் தாய்ப்பால் பீய்ச்சித் தருவாள், அதைக் கண்ணில் விட்டுக்கொண்டு போவார்கள், இன்றைக்கும் அப்படித்தான். ஒன்பதாவது பாட்டுக்கு 'உள்ளே இருக்கேன்' என்று பேர். அது தொட்டிக்குள் இருக்கிற ஆளின் பாட்டு.

தொட்டிக்குள் ஒருத்தன் இறங்கி வேலை பார்த்தால், வெளியே ஒருத்தன் நிற்க வேண்டும். உள்ளே பேசுவது வெளியே கேட்காது, வெளியே கத்துவது உள்ளே போகாது, அதனால் பேச்செல்லாம் தட்டுத்தான். உள்ளேயிருந்து ஒரு தட்டு வந்தால் வெல்டிங் கரண்டைக் குறை. இரண்டு வந்தால் கூட்டு. மூன்று வந்தால் என்னை வெளியே எடு. எதுவாக இருந்தாலும் வெளியாள் உடனே திருப்பி ஒரு தட்டு தட்ட வேண்டும். கேட்டுவிட்டது, வருகிறேன் என்று அதற்கு அர்த்தம். காலனியில் சமைக்கத் தெரியாத மருமகள் இருக்கலாம், இது தெரியாத மருமகள் இருக்க முடியாது. குளியலறையில் சோப்புத் தீர்ந்துபோனால்கூட என் வீட்டுக்காரர் தகரக் கதவில் இரண்டு தட்டுத்தான் தட்டுவார்.

கேசட் பதிந்தது ஓர் ஆயுத பூஜை அன்றைக்கு. வருஷத்தில் அந்த ஒரு நாள்தான் பட்டறையில் ஒரு மெஷினும் ஓடாது. சுத்தியல், ஸ்பானர், உளி எல்லாவற்றையும் கழுவிச் சந்தனமும் குங்குமமும் வைத்து வரிசையாகப் படுக்க வைத்திருப்பார்கள், மறுநாள் காலைவரை அவற்றை யாரும் தொடக்கூடாது. பூசணிக்காய் உடைத்து, பொரிகடலை கொடுத்து, முதலாளி காரேறிப் போனதும், இவர்கள் நாலு பேரும் முடிகிற நிலையில் இருந்த ஒரு பெரிய தொட்டிக்குள் எண்ணெய்ப் பீப்பாயையும் வெட்டிப்போட்ட தகடுகளையும் உருட்டிக்கொண்டு போனார்கள். ஏகாம்பரம் உள்ளே உட்கார்ந்தார். அடிக்கக் குச்சி சரிப்படாமல், பூஜைக்கு வைத்திருந்த சுத்தியல்களில் இரண்டை எடுத்துக்கொண்டார். மேலே இருந்த குழாய் ஓட்டை வழியாக ஒரு மைக்கை உள்ளே தொங்கவிட்டார்கள். ஆள் நுழைகிற ஓட்டைக்குள் தலையை மட்டும் விட்டுக்கொண்டு சவரிநாதன் பாடினார். பொட்டு வைத்த சுத்தியலால் அடித்த அடிதான் அத்தனை கெடுதலுக்கும் காரணம் என்று ஒரு கட்சி இன்றைக்கும் காலனியில் உண்டு. அப்படியானால் அந்தச் சத்தம் எப்படி அத்தனை நன்றாக வந்தது என்று கேட்கிற இன்னொரு கட்சியும் உண்டு.

கையில் இருந்தது ஒரே ஒரு கேசட், பக்கத்துக்கு அரை மணி நேரம். எட்டாவது பாட்டை ஆசையில் இழுத்துவிட்டார்கள். ஒன்பதாவது பாட்டு உச்சிக்குப் போய் எல்லாரும் மூச்சை இழுத்த இடத்தில் டேப் தீர்ந்து 'டக்' என்று நின்றது. அந்தப் பாட்டின் முடிவு என்ன என்று ஏகாம்பரத்துக்கு மட்டும்தான் தெரியும். அதை நானே அடித்துக் காட்டுகிறேன், அதுவரை கேட்காதீர்கள் என்று சொல்லி வைத்திருந்தார். "போவுது விடுடா, அடுத்த ஆயுத பூஜைக்கு முடிச்சிடலாம்" என்று சுத்தியலைத் துடைத்து, மறுபடி பொட்டு வைத்து, இருந்த இடத்திலேயே படுக்க வைத்தாராம். கேசட் அட்டையில் தகட்டில் கோடு போடுகிற சாக்பீஸால் 'கசடு' என்று எழுதினார்கள். வெல்டிங் ஆறியபிறகு மேலே படிந்து நிற்கிற கறுப்பு ஓடு இருக்கிறதே, தட்டினால் உதிருமே, அதுதான் கசடு.

பத்தாம் நாள் அதே தொட்டிக்குள் கடைசி ஒட்டுப் போடும்போது ஏகாம்பரம் செத்துப்போனார். வெல்டிங்குக்கு விட்ட கேஸ் உள்ளே தேங்கி நின்றுவிட்டது. அந்த கேஸுக்கு நிறமும் கிடையாது, வாசனையும் கிடையாது. மத்தியானச் சாப்பாட்டு நேரம், வெளியே நின்றது சவரிநாதன் ஒருத்தர்தான். அன்றைக்குச் சாயங்காலம் போலீஸ்காரர் கேட்டபோது வாயைத் திறந்தவருக்குச் சத்தம் வரவில்லை. பெரிய பெரிய டாக்டரெல்லாம் பார்த்துத் தொண்டையில் ஒரு குறையும் இல்லை என்றார்கள். தொட்டியை வாங்க இருந்தவர்கள் வேண்டாம் என்றுவிட்டதால், அதைக் காலனிக் கோடியில், கருவேல மரத்தடியில் உருட்டி விட்டார்கள். இரண்டு கிட்டார்க்காரர்களும் மஸ்கட்டுக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டார்கள். கேசட் மட்டும் நிற்கவில்லை. ஒன்றிலிருந்து ஒன்றாகப் பதிந்து பதிந்து காலேஜ் விடுதிகளுக்குப் போனது, பெங்களூருக்குப் போனது, கடல் தாண்டிப் போனது, அதைக் கேட்டு நூறு பேர் கிட்டாரைத் தூக்கினார்கள், பிரேசில் நாட்டில் ஒருத்தன் முதுகில் தமிழில் 'கசடு' என்று பச்சை குத்தியிருக்கிற போட்டோ எங்கள் டீக்கடையில் மாட்டியிருக்கிறது.

ஏகாம்பரத்தின் பெண்டாட்டி கமலவேணிக்கு அப்போது இருபத்திரண்டு வயது. காலனிக்குப் பின்னால் இருக்கிற அரசு சுகாதார நிலையத்தில் நர்ஸாகச் சேர்ந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. காரியமெல்லாம் முடிந்து வேலைக்குத் திரும்பிய முதல் நாள் ஒரு பிரசவம் பார்த்தார். வெளியே வந்த பிள்ளை ஒரு நிமிஷம் சும்மா கிடந்தது, பிறகு வாயைத் திறந்து, சவரிநாதனின் தொண்டையில், முதல் பாட்டை முதல் சொல்லிலிருந்து பாட ஆரம்பித்தது. சின்னக் குதிகால்கள் இரண்டும் விரிப்பில் அடித்த அடி ஏகாம்பரத்தின் அடி. கமலவேணி அந்தப் பாதங்களை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, பாட்டு முடியும்வரை விடவில்லை. பாட்டு முடிந்ததும் பிள்ளை எல்லாப் பிள்ளைகளையும்போலச் சிணுங்கிப் பாலுக்கு வாயைத் தேடியது.

அன்றிலிருந்து காலனியில் பிறந்த பிள்ளை எல்லாம் அப்படித்தான். முதல் அழுகை மட்டும் ஒரு பாட்டு, அப்புறம் ஆயுசுக்கும் சொந்தக் குரல். பாட்டு முடியும்வரை பிள்ளை மார்பில் வாய் வைக்காது, சர்க்கரைத் தண்ணியும் தொடாது. ஆரம்பத்தில் வேப்பிலை கட்டினார்கள், சர்ச்சில் ஜெபம் வைத்தார்கள், ஒரு டாக்டர் மாற்றல் வாங்கிக்கொண்டே போனார். பிறகு பழகிவிட்டது. ஜாதகம் எழுதுகிற ஜோசியர் நட்சத்திரத்துக்குப் பக்கத்தில் பாட்டு நம்பரையும் போட ஆரம்பித்தார். நாலாம் பாட்டுக்கும் ஆறாம் பாட்டுக்கும் ஒத்துவராது என்று ஒரு கல்யாணமே நின்றிருக்கிறது. ஐந்தாம் பாட்டுப் பிள்ளைகளுக்குக் கணக்கு வரும் என்பார்கள். பின்லாந்து தேசத்துக்காரன் ஒருத்தன் காமிராவோடு வந்து, பிரசவத்துக்கு நாள் இருக்கிற வீடு எது எது என்று விசாரித்தபோது செண்பகம் அத்தை டீ கொடுத்து, முறுக்குக் கொடுத்து, "உங்கம்மா பெத்தப்ப நாங்க வந்து போட்டா புடிச்சமா, தம்பி?" என்று பஸ்ஸேற்றி அனுப்பினாராம்.

ஒன்பதாவது பாட்டை மட்டும் முப்பது வருஷத்தில் ஒரு பிள்ளையும் அழுததில்லை. அதைப் பற்றி யாரும் பேசவும் மாட்டார்கள். வயிற்றுப் பிள்ளைக்காரி தெருவில் போனால் வாழ்த்துகிறவர்கள் "எட்டுக்குள்ள இருக்கட்டும்மா" என்றுதான் வாழ்த்துவார்கள்.

எனக்குச் செவ்வாய்க்கிழமை விடியற்காலையில் வலி கண்டது. நான் கத்தவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தேன். கமலவேணி நர்ஸம்மா முகத்துக்குக் கிட்டே வந்து, "வாயைத் தொறந்து கத்துடி தவமணி, ஸ்கூல் பரீச்சையா நடக்குது இங்க? அப்புறம் உன் பங்கையும் சேத்து உன் புள்ளதான் கத்தணும்" என்றார். கேலியாகத்தான் சொன்னார். ஆறரை மணிக்குப் பெண் பிள்ளை பிறந்தது. வெளியே என் வீட்டுக்காரர் இளவழகனும் அவர் கூட்டாளிகளும் என்ன பாட்டு என்று பந்தயம் கட்டிக்கொண்டு நிற்பது எனக்கே கேட்டது. பிள்ளை வாயைத் திறந்தது. பந்தயப் பேச்சு அப்படியே நின்றுபோனது.

*உள்ளே இருக்கேன், உள்ளே இருக்கேன்.*

நர்ஸம்மா பிள்ளையின் பாதத்தைப் பிடிக்கக் கையை நீட்டியவர் பிடிக்காமலே எடுத்துக்கொண்டார். பாட்டு உச்சிக்குப் போனது. வாயும் குதிகாலும் ஒரே நேரத்தில் 'டக்' என்று நின்றன. ஒரு மூச்சு. பிள்ளை மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தது.

அன்று பகல் முழுக்க ஆரம்பித்தது, ராத்திரி முழுக்க ஆரம்பித்தது. மார்பில் வைத்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டது. பாலாடையில் பீய்ச்சி உதட்டில் வைத்தால் கன்னத்தில் வழிந்தது. எனக்குப் பால் கட்டி ரவிக்கை நனைந்து நெஞ்சு கல்லாகிவிட்டது. பிள்ளைக்கு உடம்பில் ஒரு கோளாறும் இல்லை என்று டாக்டரம்மா சொன்னார். முடிகிற பாட்டாக இருந்தால் முடிந்திருக்கும், முடிவே இல்லாத பாட்டை அது எப்படி முடிக்கும் என்று வராந்தாவில் உட்கார்ந்திருந்தவர்கள் சொன்னார்கள். புதன்கிழமை பதினோரு மணிக்குப் பிள்ளையின் உதடு காய்ந்து, அழும்போது கண்ணில் தண்ணி வருவது நின்றிருந்தது. அந்தப் பெரிய குரல் அப்படியே இருந்தது, குரலுக்குக் கீழே இருந்த என் பிள்ளைதான் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்துகொண்டு வந்தாள். டாக்டரம்மா திருச்சி பெரியாஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுத்தார். 108 வண்டி வர அரை மணி ஆகும் என்றார்கள். என் வீட்டுக்காரர் மெயின் ரோட்டில் நின்று வழி காட்ட ஓடினார்.

நான் கட்டிலைவிட்டு இறங்கினேன். பிள்ளையைச் சேலையால் மாரோடு கட்டிக்கொண்டேன். பாலாடை கையிலேயே இருந்தது, அதைக் கீழே வைக்க வேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை.

"எங்கடி போற? தையல் பிரிஞ்சிடும்டி!" என்று நர்ஸம்மா பின்னால் வந்தார்.

"சவரி மாமாகிட்ட."

"அந்தாளுகிட்ட என்ன இருக்கு? ஊமைகிட்ட என்னத்தைக் கேப்ப?"

"அவர் குரலுங்கம்மா இது. முடிவு தெரிஞ்சா அவருக்குத்தான் தெரியும்."

சவரி மாமாவைக் காலனியில் எல்லாரும் மாமா என்றோ சித்தப்பா என்றோதான் கூப்பிடுவோம். ஃபேனும் மிக்ஸியும் ரிப்பேர் பார்ப்பார். ஏதாவது சொல்ல வேண்டுமானால் சட்டைப் பையில் இருக்கிற சாக்பீஸை எடுத்துப் பக்கத்தில் இருக்கிற இரும்பில் எழுதிக் காட்டுவார். வேலை இல்லாத நேரமெல்லாம் அந்தக் கருவேல மரத்தடியில் தொட்டியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். வருஷா வருஷம் ஆயுத பூஜைக்கு முன்னால் அதற்குச் செங்காவி பெயிண்ட் அடிப்பார், வெளியே மட்டும். ஒன்பதாவது பாட்டின் முடிவைக் கேட்டு எத்தனையோ பேர் வந்திருக்கிறார்கள். கையை ஆட்டிவிட்டு எழுந்து போய்விடுவார். கமலவேணி நர்ஸம்மா முப்பது வருஷமாக அந்தப் பக்கமே போனதில்லை. அன்றைக்கு என் பின்னால் வந்துவிட்டார், நான் விழுந்துவிடுவேன் என்று பயந்து.

செவ்வாய் காலையிலிருந்தே அவர் தொட்டியோரம்தான் உட்கார்ந்திருந்தார் என்று பிறகு சொன்னார்கள். என் மாரில் இருந்த குரலைக் கேட்டதும் எழுந்து நின்றார். தன்னுடைய இருபத்து மூன்று வயசுக் குரல் தன்னைப் பார்த்து நடந்து வருவதை ஒரு மனுஷன் எப்படிப் பார்ப்பான் என்று அன்றைக்குப் பார்த்தேன்.

"முடிவைச் சொல்லுங்க மாமா" என்றேன். பிள்ளையின் சத்தத்தில் அது யாருக்கும் கேட்டிருக்காது. பிள்ளையை அவிழ்த்து அவர் முன்னால் நீட்டினேன்.

அவர் பிள்ளையின் காய்ந்த உதட்டைப் பார்த்தார். நர்ஸம்மாவைப் பார்த்தார். பிறகு சாக்பீஸை எடுத்து, அந்தச் செங்காவித் தொட்டியின் மேலே, எட்டின உயரத்திலிருந்து எழுத ஆரம்பித்தார்.

"என்ன எழுதுறான்? கண்ணாடியை டேபிள்லயே விட்டுட்டு வந்துட்டேன். படிடி" என்றார் நர்ஸம்மா.

நான் ஆறாவதோடு நின்றவள். எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன், அதுவும் உதட்டுக்குள்ளேதான். அன்றைக்கு உதட்டுக்குள்ளே படித்தால் நர்ஸம்மாவுக்குக் கேட்காது, என் பிள்ளை அப்படிக் கத்துகிறாள். அதனால் அவளைவிடச் சத்தமாக, ஒவ்வோர் எழுத்தாக, ஊர் கேட்க நான் படித்தேன்.

"அன்று... மத்தியானம்... கேசட்... போட்டிருந்தேன். ஒன்பதாவது... பாட்டு. டேப் நின்ற... இடத்தில்... உள்ளேயிருந்து... மூன்று தட்டு."

நர்ஸம்மா என் தோளைப் பிடித்தார்.

"அதுதான்... முடிவு என்று... நினைத்தேன். ஏகா... அடித்துக் காட்டி... விட்டான் என்று... சிரித்தேன். திரும்பி... தட்டவில்லை. மறுபடி... அடிக்கட்டும்... கேட்கலாம் என்று... பாட்டை... முதலிலிருந்து... போட்டேன்."

சாக்பீஸ் உடைந்தது. குனிந்து துண்டை எடுத்து எழுதினார். தொட்டியின் அடிவயிறுவரை வந்துவிட்டது எழுத்து.

"இரண்டாம் தடவை... தட்டு... வரவில்லை."

நான் படித்து முடித்தபோது பிள்ளையும் உச்சிக்குப் போய் நின்றாள். அந்த ஒரு மூச்சு நேரத்தில் கருவேல மரத்தில் ஒரு காக்கை இறக்கையை மடக்குகிற சத்தம் கேட்டது. பிறகு, *உள்ளே இருக்கேன்*.

நர்ஸம்மா அழுவார் என்று நினைத்தேன், அடிப்பார் என்று நினைத்தேன். அவர் தொட்டியைப் பார்த்துக்கொண்டே, "மூணும் ஒரே அளவா இருந்துதா? இல்ல கடைசி ஒண்ணு தட்டுத்தடுமாறி வந்துதா?" என்று கேட்டார்.

சவரி மாமா மூன்று விரலைச் சேர்த்துக் காட்டி, காற்றில் மூன்று முறை தட்டினார். மூன்றும் ஒரே அளவு.

"அப்ப பயப்படல" என்றார் நர்ஸம்மா. "தட்டிட்டு, நீ வருவேன்னு உக்காந்திருக்கான்."

அந்தப் பேச்சில்தான் எனக்குப் புரிந்தது. தட்டு வந்துவிட்டது, முப்பது வருஷத்துக்கு முன்னாலேயே வந்துவிட்டது. வராதது பதில் தட்டு. பதில் வராத தட்டை யாரும் முடிந்துபோன பேச்சு என்று சொல்ல மாட்டார்கள், எங்கள் காலனியில்.

"நான் உள்ள போறேன்" என்றேன்.

"குழந்தையோடயா? அறிவிருக்கா?" என்று கத்திய நர்ஸம்மா, ஆள் நுழைகிற ஓட்டையைப் பார்த்தார், காற்றோட்டமாக மேலே திறந்து கிடக்கிற குழாய் ஓட்டைகளைப் பார்த்தார், பிறகு தானே என் இடுப்பைப் பிடித்துத் தூக்கி உள்ளே விட்டார்.

உள்ளே பெயிண்ட் இல்லை. வெயிலில் காய்ந்த இரும்பு அடுப்படியாக இருந்தது. மேல் ஓட்டை வழியாக வெளிச்சம் ஒரு குழாயைப்போல இறங்கி நின்றது. காலுக்கடியில் முப்பது வருஷத்துக் கசடு நொறுங்கியது. பிள்ளையின் குரல் எட்டுப் பக்கமும் மோதித் திரும்பி வந்து, அந்தக் கேசட்டில் கேட்கிற மாதிரியே கேட்டது. அப்போதுதான் தெரிந்தது, அந்தப் பாட்டு பிறந்த வீட்டுக்கு வந்திருக்கிறது. பக்கத்தில் ஒருத்தர் உட்கார்ந்திருக்கிற மாதிரியே இருந்தது, நான் திரும்பிப் பார்க்கவில்லை. வெளியே நர்ஸம்மா ஒரு கல்லை எடுத்துச் சவரி மாமா கையில் திணிப்பது அந்த வட்டமான ஓட்டை வழியாகத் தெரிந்தது. பிறகு இரண்டு பேரும் ஓட்டையைவிட்டு விலகிப் போனார்கள். நானும் பிள்ளையும் அந்த வெளிச்சமும்தான்.

பாட்டு ஏறியது. ஏறி, ஏறி, எல்லாரும் மூச்சை இழுக்கிற இடத்துக்கு வந்தது. 'டக்'.

நான் பாலாடையால் இரும்பில் தட்டினேன். ஒன்று. இரண்டு. மூன்று. மூன்றையும் ஒரே அளவாக.

பிள்ளை மறுபடி ஆரம்பிக்கவில்லை. வாயைத் திறந்தபடி, கண்ணை விரித்தபடி, அந்த ஓட்டையையே பார்த்தாள். அழவும் இல்லை, மூச்சும் விடவில்லை. உதடு நீலம் பாய்ந்தது. வெளியே ஒரு சத்தமும் இல்லை. முப்பது வருஷமாகத் தூக்காத கையைத் தூக்க ஒரு மனுஷனுக்கு எத்தனை நேரம் ஆகும் என்று எனக்குத் தெரியும், ஆனால் என் பிள்ளைக்கு அத்தனை நேரம் இல்லை. என் தொண்டையிலிருந்து எனக்கே தெரியாத ஒரு சத்தம் வந்தது, பிரசவத்தில் கத்தாமல் வைத்திருந்த கத்தல்.

"மாமா! உள்ள இருக்கோம்!"

தட்.

ஒரே ஒரு தட்டு. தொட்டி முழுக்க அதிர்ந்து, என் முதுகெலும்புக்குள் இறங்கி, பிள்ளையின் மார்புக்குள் போனது. அதன் கூடவே வெளியிலிருந்து ஒரு குரல், வயசாகிப்போன, துருப்பிடித்த, நடுங்குகிற ஒரு குரல்.

"கேட்டுருச்சு ஏகா. வர்றேன், வர்றேன்."

பிள்ளை மூச்சை விட்டாள். பிறகு அழுதாள். பூனைக்குட்டி மாதிரி, தண்ணி மாதிரி, யாருடையதும் இல்லாத ஒரு குட்டி அழுகை. அழுதுகொண்டே மார்பைத் தேடினாள். அந்தத் தொட்டிக்குள், கசடு மேலேயே உட்கார்ந்து, நான் பால் கொடுத்தேன். 108 வண்டி வந்து, ஆட்கள் ஓடி வந்து, என் வீட்டுக்காரர் ஓட்டைக்குள் தலையை விட்டு அழுதபோதும் கொடுத்துக்கொண்டுதான் இருந்தேன்.

சவரி மாமாவை யாரும் ஒன்றும் கேட்கவில்லை. நர்ஸம்மா அவரை மன்னித்தாரா என்று எனக்குத் தெரியாது, அதைப் பற்றி அவர் வாயைத் திறந்ததில்லை. ஆனால் அந்த வருஷ ஆயுத பூஜைக்கு ஒரு டப்பா செங்காவியும் இரண்டு பிரஷ்ஷும் வாங்கிக்கொண்டு போய் ஒன்றை அவரிடம் கொடுத்து, "உள்பக்கமும் அடி. நான் வெளியில நிக்கிறேன்" என்றாராம். உள்ளேயிருந்து அவர் ஒவ்வொரு தடவை தட்டியபோதும் வெளியேயிருந்து பதில் வந்ததைக் காலனியே கேட்டது. தொட்டியில் சாக்பீஸில் எழுதினதை மட்டும் அவர்கள் அழிக்கவில்லை, அதைச் சுற்றிப் பெயிண்ட் அடித்துவிட்டார்கள்.

இப்போதும் பிள்ளைகள் பாட்டோடுதான் பிறக்கின்றன. ஒன்பதாம் பாட்டு இரண்டு பிறந்துவிட்டது. பிரசவ அறைக் கட்டில் காலில் ஒரு ஸ்பானர் கட்டித் தொங்குகிறது. பாட்டு நின்றதும் ஒருத்தர் மூன்று தட்ட, பெற்றவள் ஒன்று தட்ட வேண்டும், அதோடு சரி. என் மகளுக்கு ஏகவல்லி என்று பேர், மூன்று வயசாகிறது. அடுத்த அறையில் விளையாடிக்கொண்டிருப்பாள், திடீரென்று சுவரில் மூன்று தட்டுவாள், ஒரே அளவாக. யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. நான் உலையில் அரிசி போட்டுக்கொண்டிருந்தாலும் போட்டது போட்டபடி கரண்டியால் ஒரு தட்டு தட்டிவிட்டு ஓடுவேன். ஒரு தடவைகூட நான் தாமதித்ததில்லை.

போன வாரம் மத்தியானம், பட்டறை சாப்பாட்டுக்கு நின்றிருந்த நேரம், மூன்று தட்டு கேட்டது. தொட்டிப் பக்கமிருந்து கேட்ட மாதிரி இருந்தது. நான் கரண்டிக்குக் கையை நீட்டியபிறகுதான் பார்த்தேன், ஏகவல்லி என் மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள். வாசலில் அத்தை முறத்தோடு அப்படியே நின்றார். தெருமுனையில் சவரி மாமா மிக்ஸியைக் கீழே வைத்தார்.

நான் ஏகவல்லி விளையாடித் தரையில் போட்டிருந்த பாலாடையை எடுத்து ஒரு தட்டு தட்டினேன். அதே நேரத்தில் வாசலில் முறத்தின் விளிம்பில் ஒரு தட்டு, தெருமுனையில் ஒரு தட்டு, சுகாதார நிலையத்தில் கட்டில் காலில் ஒரு தட்டு, காலனி முழுக்க, வீட்டுக்கு வீடு, ஒரே ஒரு தட்டு.